மரச்சாமானுக்கு எந்த எண்ணெய்? மருந்துக்கடை பாட்டிலும் வெளிநாட்டு டப்பாவும்

காய் நறுக்கும் பலகைக்கும் மரக்கரண்டிக்கும் பூசுவதற்கென்றே இப்போது தனி எண்ணெய், தனி மெழுகு, தனி கிரீம் விற்கிறார்கள். போர்டு ஆயில், புட்சர் பிளாக் ஆயில், வுட் பாம் என்று பெயர்கள் நீளும். பாட்டிலைத் திருப்பி லேபிளைப் படித்தால் பெரும்பாலானவற்றின் உள்ளே இருப்பது ஒரே சரக்குதான்: வெள்ளை மினரல் ஆயில், அதாவது பெட்ரோலியத்திலிருந்து சுத்திகரித்தெடுத்த தெளிந்த எண்ணெய். மருந்துக்கடையில் ‘லிக்விட் பாரஃபின் ஐ.பி.’ (ஐ.பி. என்றால் இந்திய மருந்துத் தரநூல்) என்று கேட்டால் கிடைப்பதும் அதே.

முடிவை முதலிலேயே சொல்லிவிடலாம். பலகை, சப்பாத்திக் கட்டை, முறுக்கு உரல் இவற்றுக்கு லிக்விட் பாரஃபினும் கொஞ்சம் தேன்மெழுகும் போதும். கொதிக்கிற குழம்பில் முங்கிக் கிடக்கும் கரண்டிக்கு அது நிற்காது. அதற்கு டங் மரத்துக் கொட்டையிலிருந்து எடுக்கும் டங் எண்ணெய் வாங்கலாம், அல்லது ஒன்றும் பூசாமலே விட்டுவிடலாம். சமையலறையில் ஏற்கெனவே இருக்கும் எண்ணெய்களில் தேங்காயெண்ணெய் பரவாயில்லை, நல்லெண்ணெய் வேண்டாம். ‘டீக் ஆயில்’ பக்கமே போகாதீர்கள்.

எண்ணெய் மரத்துக்கு என்ன செய்கிறது என்பதில் பலருக்குத் தவறான எண்ணம் உண்டு. மரத்துக்கு அது சத்து இல்லை. வெட்டி எத்தனை வருஷம் ஆனாலும் மரம் ஈரத்தை உறிஞ்சினால் ஊதும், காய்ந்தால் சுருங்கும். இழை ஓடும் நீளவாட்டில் இந்த அசைவு அநேகமாக இல்லை, குறுக்குவாட்டில்தான் எல்லாம். குறுக்கிலும் எல்லாப் பக்கமும் ஒன்றுபோல் சுருங்காது. வளையத்தை ஒட்டிப்போகும் திசையில், மையத்திலிருந்து பட்டையை நோக்கிய திசையைப்போல் ஏறக்குறைய இரண்டு மடங்கு சுருங்கும். பலகை வளைவதும் பிளப்பதும் இந்த ஏற்றத்தாழ்வால்தான். எண்ணெய் செய்கிற வேலை ஒன்றே ஒன்று: தண்ணீர் உள்ளே போகும் வேகத்தையும் வெளியே வரும் வேகத்தையும் மட்டுப்படுத்துகிறது. நிதானமாக ஊதி நிதானமாகச் சுருங்கும் மரம் வெடிப்பதில்லை. தண்ணீரை அடியோடு தடுக்கும் எண்ணெய் எதுவும் இல்லை. அப்படி எழுதியிருக்கும் டப்பாவை நம்ப வேண்டாம்.

லிக்விட் பாரஃபின்

நிறம் இல்லை, மணம் இல்லை, எத்தனை மாதம் ஆனாலும் காறாது. காற்றிலுள்ள ஆக்சிஜனோடு அது சேர்வதில்லை என்பதே காரணம். காறாததால்தான் மற்ற எண்ணெய்களை விட இது ஒரு படி மேலே நிற்கிறது. அதே காரணத்தால் இது ஒருபோதும் உலர்ந்து படலமாகவும் ஆகாது. மரத்துக்குள் திரவமாகவே இருந்து, ஒவ்வொரு கழுவலிலும் சோப்போடு கொஞ்சம் கொஞ்சமாக வெளியேறும். மாதத்துக்கு ஒருமுறை மறுபடி பூச வேண்டியது அதனால்தான்.

கேட்டு வாங்கும்போது சில விஷயங்களில் கவனம் வேண்டும். மருந்துக்கடையில் இது மலமிளக்கியாகவே விற்கிறது; மில்க் ஆஃப் மக்னீசியா கலந்த பாட்டிலும் அதே அலமாரியில் இருக்கும். பால்போல் வெள்ளையாக இருந்தால் அது கலவை, வாங்காதீர்கள். நமக்கு வேண்டியது தண்ணீர்போல் தெளிந்தது. ‘லைட்’ என்று போட்டிருப்பது நீர்க்க இருக்கும், சீக்கிரம் இறங்கும். ‘லைட்’ இல்லாதது கொஞ்சம் கெட்டி, கூடுதல் நாள் நிற்கும். புதுப் பலகையின் முதல் பூச்சுக்கு லைட், அடுத்தடுத்ததற்குக் கெட்டி என்று வைத்துக்கொள்ளலாம். ஒன்றுதான் வாங்குவீர்கள் என்றால் கெட்டியையே வாங்குங்கள். குழந்தைக்குத் தேய்க்கும் பேபி ஆயிலும் பெரும்பாலும் இதேதான், ஆனால் வாசனை சேர்த்தது. வெங்காயத்தில் ரோஜா மணம் யாருக்கு வேண்டும்? பெயர்க் குழப்பம் இன்னொன்றும் உண்டு. பிரிட்டிஷ் வழக்கில் பாரஃபின் என்றால் மண்ணெண்ணெய். ஹார்டுவேர் கடையில் வெறுமனே ‘பாரஃபின்’ என்று கேட்டு எதையாவது வாங்கி வந்துவிடாதீர்கள்.

பேதிக்குக் கொடுக்கும் மருந்தைப் பலகையில் பூசுவதா என்ற தயக்கம் இயல்பு. மருந்தாகக் குடிப்பது கரண்டி கரண்டியாக. நன்றாகத் துடைத்த பலகையிலிருந்து நறுக்கிய காய்க்குப் போவது துளியில் ஒரு பங்குகூட இராது.

30 செ.மீ. நீளம், 20 செ.மீ. அகலம், 2 செ.மீ. கனம் உள்ள பலகைக்கு முதல் பூச்சுக்கு 15 முதல் 20 மி.லி. பிடிக்கும். கழுவிய பலகை என்றால் ஒரு முழு நாள் காய்ந்திருக்க வேண்டும். ஈர மரத்தில் பூசினால் எண்ணெய் மேலேயே நிற்கும், ஈரம் உள்ளே மாட்டிக்கொள்ளும், ஒரு வாரத்தில் புளித்த வாடை வரும். பாட்டிலைச் சுடுதண்ணீரில் பத்து நிமிஷம் நிறுத்தினால் எண்ணெய் இளகும். பழைய பனியன் துணியால் பூசுங்கள். முதலில் பலகையின் இரண்டு வெட்டுமுனைகள். இழைகள் திறந்த வாயோடு நிற்கும் இடம் அதுதான். எண்ணெயைக் குடித்துக்கொண்டே இருக்கும், அது போதும் என்கிற வரை விடாதீர்கள். வெடிப்பு எப்போதும் அங்கிருந்துதான் கிளம்புகிறது. பிறகு மேல்பக்கம், அடிப்பக்கம், விளிம்பு. அடிப்பக்கம் யார் பார்க்கப்போகிறார்கள் என்று விட்டால் ஒருபக்கம் மட்டும் ஈரம் ஏறிப் பலகை தொன்னையாக வளையும். விளிம்பில் நிறுத்திவைத்து ஓர் இரவு விடுங்கள். காலையில் மிச்சத்தை உலர்ந்த துணியால் அழுத்தித் துடைத்துவிடவேண்டும். புதுப் பலகைக்கு இப்படி மூன்று நான்கு நாள்.

போதுமா என்று பார்க்க ஒரு சொட்டுத் தண்ணீர் விடுங்கள். முத்தாக நின்றால் போதும். ஒரு நிமிஷத்தில் பரவி, அந்த இடம் கறுத்தால் இன்னொரு பூச்சு வேண்டும். தண்ணீரும் நிற்கிறது, எண்ணெயும் இறங்கவில்லை என்றால் அது வார்னிஷோ பி.யூ. (பாலியூரித்தேன்) கோட்டிங்கோ அடித்த பலகை. கண்காட்சி ஸ்டால்களில் பளபளவென்று மின்னும் பலகைகளில் இது அதிகம். அதில் எண்ணெய் வீண். கத்தி பட்டுச் செதில் உதிரத் தொடங்கினால் உப்புத்தாள் போட்டுச் சுரண்டிவிட்டுத்தான் மேற்கொண்டு எதுவும்.

பெயர் போட்ட பாட்டில்கள்

ஸ்வீடன் நாட்டு மரச்சாமான் கடையான ஐக்கியா விற்கும் மர எண்ணெய் வெறும் வெள்ளை மினரல் ஆயில், மெழுகு எதுவும் இல்லை. உணவு படும் பரப்புக்கு ஏற்றது என்று அதில் எழுதியிருக்கும். தரத்தில் குறை சொல்ல ஒன்றுமில்லை. மருந்துக்கடைச் சரக்கை விட மேல் என்று சொல்லவும் ஒன்றுமில்லை. பெரிய பாட்டில், மேசை முழுக்கப் பூச வேண்டியவர்களுக்கு வசதி. அந்தக் கடை இருக்கும் ஊரில் இருந்து, வேறு வேலையாகப் போனால் எடுத்து வரலாம். கூரியர் செலவு கொடுத்து வரவழைக்கும் அளவுக்கு அதில் எதுவும் இல்லை.

அமெரிக்காவின் ஹோவர்ட் நிறுவனத்தின் புட்சர் பிளாக் கண்டிஷனர் கொஞ்சம் வேறு. மினரல் ஆயிலோடு தேன்மெழுகும் கார்னோபா மெழுகும் சேர்ந்தது. கார்னோபா என்பது பிரேசில் நாட்டுப் பனைவகை ஒன்றின் இலையிலிருந்து எடுப்பது; 82 முதல் 86 டிகிரியில்தான் உருகும், தேன்மெழுகை விடக் கடினம். பூசிய பரப்பு பிசுக்கில்லாமல் வழவழவென்று இருக்கிறது, தண்ணீர் முத்தாக நிற்கும் காலமும் வெறும் எண்ணெயை விட அதிகம். நல்ல சரக்கு. ஆனால் இறக்குமதி விலை. 100 மி.லி.க்கு எவ்வளவு என்று வகுத்துப் பார்த்துவிட்டு, வீட்டிலேயே கிளறும் கிரீமோடு ஒப்பிடுங்கள். உலர்ந்த, எண்ணெய் குடிக்காத மரத்தில் இதை முதலில் பூசுவது தவறு: மெழுகு வாயை அடைத்துவிடும், எண்ணெய் ஆழத்துக்கு இறங்காது. முதலில் வெறும் எண்ணெய், பிறகுதான் மெழுகு சேர்ந்தது.

வாங்கக் கூடாத பட்டியலும் ஒன்று உண்டு. ‘டீக் ஆயில்’ என்பதில் தேக்கின் எண்ணெய் இல்லை; ஆளிவிதை எண்ணெயோ வார்னிஷோ கரைப்பான் சேர்த்துக் கலந்தது. டேனிஷ் ஆயிலும் அதே குடும்பம். தோட்டத்து நாற்காலிக்கு நல்லது, பலகைக்கு அல்ல. எலுமிச்சை வாசனை வரும் ஃபர்னிச்சர் பாலிஷும் சமையலறைக்குள் வரக்கூடாது. என்ன சேர்ந்திருக்கிறது என்றே எழுதாத ‘நேச்சுரல் வுட் பாம்’ டப்பா எவ்வளவு அழகாக இருந்தாலும் அங்கேயே வைத்துவிட்டு வாருங்கள்.

வீட்டுக் கிரீம்

தேன்மெழுகு 20 கிராம், லிக்விட் பாரஃபின் 80 கிராம். மினரல் ஆயில் தண்ணீரை விட லேசு, அதனால் 80 கிராம் என்பது ஏறக்குறைய 95 மி.லி. அகலமான பாத்திரத்தில் தண்ணீர் கொதிக்கவிட்டு, அதற்குள் ஒரு பழைய எவர்சில்வர் கிண்ணத்தை வைத்து மெழுகைத் துருவிப்போடுங்கள். 62-64 டிகிரியில் உருகிவிடும். நேராக அடுப்பில் வைக்காதீர்கள், மெழுகுப்புகை பற்றிக்கொள்ளும். உருகியதும் எண்ணெயைச் சேர்த்தால் ஒரு கணம் கட்டி கட்டியாகும். பயப்பட வேண்டாம், இன்னும் இரண்டு நிமிஷம் சூட்டில் கலக்கினால் தெளியும். வாய் அகன்ற டப்பாவில் ஊற்றி அசையாமல் ஆறவிடுங்கள்.

இந்த ஒன்றுக்கு நான்கு கணக்கு விரலால் எடுத்துப் பூசும் பதம். சித்திரை வெயிலில் டப்பாவுக்குள் குழைந்து போகிறது என்றால் மெழுகை 25 கிராமாக்குங்கள். மெழுகுக்குத் தேனீ வளர்ப்பவர்களைக் கேட்பதுதான் நல்லது. மார்த்தாண்டம் பக்கம் இருப்பவர்களுக்கு இதில் கஷ்டமே இல்லை. கடை மெழுகில் மெழுகுவர்த்திப் பாரஃபின் கலப்பது சகஜம். விரலிடுக்கில் கொஞ்சம் எடுத்துப் பிசையுங்கள்: தேன்மெழுகு சூட்டில் குழைந்து ஒட்டிவரும், லேசாகத் தேன் மணக்கும், வர்த்தி மெழுகு பொடிப்பொடியாக உதிரும். தேன்மெழுகே வேண்டாம் என்கிற சைவ சுத்தக்காரர்கள் கார்னோபாவைப் பாதி அளவு போட்டுச் செய்யலாம். உருக்கக் கூடுதல் சூடு வேண்டும்.

தேங்காயெண்ணெய், நல்லெண்ணெய், விளக்கெண்ணெய்

“வீட்டில் எண்ணெய் இருக்க இதெல்லாம் எதற்கு?” என்ற கேள்வி நியாயமானது.

தேங்காயெண்ணெயில் ஏறக்குறைய 90 சதவீதம் நிறைவுற்ற கொழுப்பு. அதனால் ஆக்சிஜன் அதை எளிதில் தொடுவதில்லை. மற்ற சமையல் எண்ணெய்களை விட மெதுவாகத்தான் கெடும். ஆனால் கெடும். அதற்கு எதிரி காற்றல்ல, ஈரம். ஈரத்தில் கொழுப்பு உடைந்து லாரிக் அமிலம் பிரியும்போது வருவதுதான் அந்தச் சோப்பு வாடை. தெளியாத செக்கெண்ணெயில் கொப்பரைத் துகளும் ஈரமும் இருப்பதால் அது முந்திக்கொள்ளும். பூசுவதற்குச் சுத்திகரித்த எண்ணெயே நல்லது. தினமும் புழங்கி, தினமும் கழுவும் பலகைக்கு மாதம் இரண்டு முறை மெல்லிசாகத் தேங்காயெண்ணெய் தடவலாம். தீபாவளிக்கு எடுத்து மறுபடி பரணில் போடும் முறுக்கு உரலுக்குக் கூடவே கூடாது. ஊட்டி, கொடைக்கானலில் 24 டிகிரிக்குக் கீழே உறைந்து மேலேயே வெள்ளையாக நிற்கும், அங்கே சூடாக்கித்தான் பூசவேண்டும்.

நல்லெண்ணெய் அரைகுறையாக உலரும் வகை. முழுக்க உலர்ந்து படலமாகவும் ஆகாது, திரவமாகவும் இருக்காது. நடுவில் பிசின்போல் நின்று தூசியையும் மாவையும் பிடித்துக்கொள்ளும். பிசுக்கேறிய சப்பாத்திக் கட்டைகளில் பாதி இப்படி ஆனவை. வாகை மரச்செக்கு காலமெல்லாம் நல்லெண்ணெயில் ஊறியே கிடக்கிறதே, அது ஏன் கெடவில்லை என்று கேட்கலாம். அங்கே தினமும் புது எண்ணெய் வந்து பழையதை வெளியேற்றுகிறது. ஓட்டாமல் நாலு மாதம் போட்ட செக்கை மோந்து பார்த்தால் வித்தியாசம் தெரியும். கடலை எண்ணெய், சூரியகாந்தி எண்ணெய்க்கும் இதே தீர்ப்பு. விளக்கெண்ணெய் சீக்கிரம் காறாது, ஆனால் கெட்டியானதால் மரத்துக்குள் இறங்காமல் மேலே வழுக்கும்.

உலரும் எண்ணெய்கள்

ஆளிவிதை எண்ணெய், டங் எண்ணெய், வால்நட் எண்ணெய் மூன்றும் ஆக்சிஜனோடு சேர்ந்து மரத்துக்குள்ளேயே கெட்டிப்படும். உலர்ந்தபின் சோப்பிலோ சூட்டிலோ எளிதில் கரையாது. கரண்டிக்கும் தோசை திருப்பிக்கும் இவை பொருந்துவது அதனால். லிக்விட் பாரஃபினைப் பூசிய கரண்டியை எண்ணெய் மிதக்கும் குழம்பில் விட்டால் பூச்சு குழம்போடு போய்விடும்.

பெயிண்ட் கடையில் கேட்டால் ‘டபுள் பாய்ல்டு லின்சீட் ஆயில்’ எடுத்துக் கொடுப்பார்கள். அது கதவுக்கும் ஜன்னலுக்கும். சீக்கிரம் உலர வேண்டுமென்று கோபால்ட், மாங்கனீஸ் போன்ற உலோக உப்புகள் சேர்த்திருப்பார்கள். வாயில் படும் பொருளுக்கு ஆகாது. உணவுக்கென விற்கும், எதுவும் சேராத ஆளிவிதை எண்ணெய் வாங்கலாம், ஆனால் மஞ்சளித்துப் போகும், உலர இரண்டு முதல் நான்கு வாரம் எடுக்கும், ஐப்பசி மழையில் இன்னும் இழுக்கும். டங் எண்ணெய் தண்ணீரைத் தாங்குவதில் இவற்றுள் மேல். லேபிளில் ‘ப்யூர்’ என்றும் நூறு சதவீதம் என்றும் இருக்கவேண்டும். ‘டங் ஆயில் ஃபினிஷ்’ என்பது பெரும்பாலும் வார்னிஷ். இதுவும் வால்நட்டும் கொட்டைவகை என்பதால் அலர்ஜி உள்ள வீட்டில் யோசித்து வாங்குங்கள்.

கைப்பக்குவம் ஒன்றுதான்: மெல்லிசாகப் பூசு, இருபது நிமிஷத்தில் மிச்சத்தைத் துடை, இரண்டு நாள் காயவிடு, மறுபடி பூசு. கெட்டியாகப் பூசினால் மேலே தோல் கட்டி உள்ளே ஈரமாகவே இருக்கும், அதைச் சுரண்டி எடுப்பதைத் தவிர வழியில்லை. மூன்று பூச்சுக்குப் பிறகு ஒரு மாதம் அந்தக் கரண்டியைத் தொடாதீர்கள். துடைத்த துணியைச் சுருட்டிக் குப்பைக்கூடையில் போடுவது ஆபத்து. உலரும்போது வெளிவரும் சூடு சுருட்டிய துணிக்குள் தேங்கித் தானாகவே தீப்பிடிக்கும். கொடியில் விரித்துக் காயப்போடுங்கள், அல்லது தண்ணீரில் முக்கிவிட்டு எறியுங்கள். பாரஃபினுக்கும் தேங்காயெண்ணெய்க்கும் இந்தத் தொல்லை இல்லை.

கழுவுவது

எந்த எண்ணெயானாலும் கழுவத் தெரியாவிட்டால் வீண். சிங்க்கில் தண்ணீரில் ஊறப்போட்ட பலகையை எந்த மெழுகும் காப்பாற்றாது. ஒட்டியதைக் கத்தியின் முதுகால் வழித்துவிட்டு, வெதுவெதுப்பான தண்ணீர், இரண்டு சொட்டு பாத்திரம் தேய்க்கும் திரவம், மென்மையான நார். இரும்பு நார் இழையைக் கிளப்பிவிடும். ஒருபக்கம் மட்டுமே அழுக்கானாலும் இரண்டு பக்கமும் நனையுங்கள். துடைத்துவிட்டு விளிம்பில் நிறுத்துங்கள், மேடைமேல் படுக்கப்போடாதீர்கள். டிஷ்வாஷர் பற்றிப் பேச்சே இல்லை: ஒரு மணிநேரச் சூடும் ஈரமும் ஒட்டுப்பலகையின் பசையை விட்டுப்போகச் செய்யும், மூங்கில் பலகை முதலில் பிரியும்.

வளைந்துவிட்ட பலகையை நேராக்கலாம். குழிந்த பக்கம் என்பது காய்ந்து சுருங்கிய பக்கம். அந்தப் பக்கம் கீழே இருக்குமாறு ஈரத்துணிமேல் கவிழ்த்து, மேலே குட்டிக் குழவி ஏதாவது பாரம் வைத்து ஓர் இரவு விட்டால் பெரும்பாலும் திரும்பிவிடும்.

மஞ்சள் கறைதான் நம் சமையலறையின் தனி வழக்கு. மஞ்சளின் நிறப்பொருளான குர்குமின் தண்ணீரில் கரையாது, எண்ணெயில் கரையும். எனவே முதலில் சோப்பு போடாதீர்கள். பஞ்சில் நாலு சொட்டு எண்ணெய் விட்டுக் கறைமேல் தேய்த்தால் பஞ்சு மஞ்சளாகும். பஞ்சை மாற்றி மாற்றி எடுங்கள். பிறகு சோப்பு. அப்போது மிச்சக் கறை செங்காவியாக மாறினால் திடுக்கிட வேண்டாம். ஆரத்தித் தட்டில் மஞ்சள் நீரில் சுண்ணாம்பைக் கரைத்ததும் சிவக்கிறதே, அதே வேதியியல்தான்: காரம் பட்டால் குர்குமின் சிவக்கும். அரை எலுமிச்சம்பழத்தைத் தேய்த்தால் மறுபடி மஞ்சளுக்குத் திரும்பும். கடைசி வேலை வெயிலுடையது. குர்குமினுக்கு வெளிச்சம் ஆகாது. காலை வெயிலில் ஒரு மணிநேரம், அப்படி இரண்டு மூன்று நாள் வைத்தால் கறை வெளுத்துவிடும். உச்சிவெயிலில் போட்டு மறந்துவிட்டால் கறையோடு பலகையும் போகும். வெடித்துவிடும்.

பூண்டு, வெங்காய வாடைக்குக் கல்லுப்பைத் தூவி எலுமிச்சை மூடியால் தேய்த்து, பத்து நிமிஷம் விட்டுக் கழுவுங்கள். சோடா உப்பையும் வினிகரையும் சேர்த்து நுரைக்க வைக்கும் வித்தை வீடியோவுக்கு அழகு, ஒன்றை ஒன்று முறித்துவிட்டு மிஞ்சுவது உப்புத் தண்ணீர். சோடா உப்பு மட்டும் போட்டாலும் துவர்ப்புச் சத்துள்ள மரங்கள் கறுக்கும்.

மீனுக்கும் கறிக்கும் தனிப் பலகை வையுங்கள். மரத்தில் கிருமி அதிகம், பிளாஸ்டிக் சுத்தம் என்ற நம்பிக்கையை 1990-களின் தொடக்கத்திலேயே டீன் கிளைவர் என்ற அமெரிக்க ஆய்வாளரின் குழு சோதித்தது, முதலில் விஸ்கான்சின் பல்கலைக்கழகத்திலும் பிறகு கலிஃபோர்னியாவின் டேவிஸிலும். மரத்தில் விட்ட பாக்டீரியா உள்ளே உறிஞ்சப்பட்டுப் பரப்பில் மீண்டும் கிடைப்பது அரிதாயிற்று. கத்திக் கீறல் விழுந்த பழைய பிளாஸ்டிக்கைக் கையால் கழுவிச் சுத்தமாக்குவதுதான் கஷ்டமாக இருந்தது. இதற்காக மரத்தைக் கழுவாமல் விடலாம் என்று அர்த்தமில்லை. கறிப் பலகையைச் சோப்பால் கழுவியபின், வாசனை சேராத பிளீச் ஒரு லிட்டர் தண்ணீருக்கு 4 மி.லி. கலந்து ஊற்றி, சில நிமிஷம் கழித்து அலசித் துடையுங்கள். கறிக்கடைகளில் புளியமரத்துண்டை நிறுத்தி வெட்டுகிறார்களே, அதில் கத்தி இழைகளை அறுக்காமல் இழைகளுக்கு நடுவே இறங்குகிறது. கட்டையும் கத்தியும் அதனால்தான் அத்தனை காலம் தாங்குகின்றன.

பொருளுக்குப் பொருள்

அருவாமனையில் கெடுவது பலகையல்ல, அரிவாள் இறங்கும் துவாரம். காய்ச்சாறு அங்கே தேங்கும்; மரத்தின் துவர்ப்பும் இரும்பும் சேர்ந்து மையாகக் கறுக்கும், பிறகு இரும்பு துருவேறி ஊதி மரத்தைப் பிளக்கும். கழுவியதும் தலைகீழாகச் சாய்த்து வைத்தால் துவாரத்தில் தண்ணீர் தங்காது. மாதம் ஒருமுறை அந்த இடுக்கில் மட்டும் கிரீமைச் சூடாக்கி உருக்கி விடுங்கள். கெட்டியானதும் அதுவே அடைப்பு. அரிவாளுக்கும் ஒரு துடைப்பு.

முறுக்கு உரலில் மாவு காய்வதற்குள் எடுத்துவிட வேண்டும். காய்ந்துவிட்டால் ஊறப்போடத்தான் கை போகும், போகக்கூடாது. உரல் ஊதினால் உலக்கை உள்ளே இறங்காது. நனைத்துப் பிழிந்த துணியை உள்ளே திணித்து அரைமணி விட்டால் மாவு இளகும், பித்தளை அச்சின் கண்களை ஈர்க்குச்சியால் குத்தி எடுக்கலாம். இரண்டு நாள் நிழலில் காய்ந்தபின் பாரஃபின் மட்டும், அதுவும் மெல்லிசாக.

மத்தில் வெண்ணெய் ஏறிக் காறும். பூவிதழ் இடுக்குகளைச் சூடான தண்ணீரில் பழைய பல்துலக்கியால் தேய்த்துத் தொங்கவிடுங்கள்; எண்ணெய் வேண்டாம், வெண்ணெய் கொடுப்பதே அதிகம். சப்பாத்திக் கட்டையைத் தினம் கழுவ வேண்டியதில்லை, வழித்துத் துடைத்தால் போதும். கழுவினால் கைப்பிடி சேரும் கழுத்தை நன்றாகக் காயவிடுங்கள், அழுகல் அங்கேதான். சன்னபட்டணத்துச் சிவப்புப் பச்சைக் கைப்பிடிகளுக்கு எண்ணெயும் கூடாது, கொதிநீரும் கூடாது: அது அரக்குப் பூச்சு, சூட்டில் இளகும்.

சொரசொரப்பாகிப் போன எதற்கும் உப்புத்தாள்தான். 120-ஆம் நம்பரில் தொடங்கி 220-இல் முடிக்கவும், எப்போதும் இழை ஓடும் திசையில். பிறகு ஈரத்துணியால் துடைத்துக் காயவிட்டால் படுத்திருந்த இழையெல்லாம் முள்போல் எழும்பும். மறுபடி 220 போட்டு அதை வெட்டிவிடுங்கள். இந்த நடுப்படியை விட்டால் முதல் கழுவலிலேயே பழையபடி சொரசொரக்கும். நீளவாட்டில் வெடித்த கரண்டியைச் செப்பனிட வேண்டாம், தூக்கிப்போடுங்கள். பலகையில் மயிரிழை வெடிப்பு என்றால் மெழுகை உருக்கி அடைக்கலாம்.

மழைக்காலத்தில் கரும்புள்ளியாகப் பூஞ்சணம் வரும். மருந்துக்கடை ஹைட்ரஜன் பெராக்சைடு நம் ஊரில் பெரும்பாலும் 6 சதவீதம். சம அளவு தண்ணீர் கலந்து தடவி, நுரை அடங்கும்வரை விட்டுத் துடைத்துக் காயவிடுங்கள். மேலே எண்ணெய் பூசி மறைத்தால் அது உள்ளே வளரும்.

கட்டைக்கு அடியில் மைதாப்போல் நைஸான பொடி கொட்டிக்கிடந்தால் உளுக்கிறது என்று பொருள். மாவுச்சத்து உள்ள வெளிர்மரத்தை வண்டுப்புழு தின்கிறது. துளையில் எண்ணெய் விட்டால் எட்டாது, பூச்சிமருந்தை உணவுப் பாத்திரத்துக்கு நினைக்கவே கூடாது. சின்னச் சாமான் என்றால் பாலிதீன் பையில் காற்றுப்போகாமல் கட்டி, ஃப்ரீஸரில் மைனஸ் 18 டிகிரியில் இரண்டு வாரம் வையுங்கள். வெளியே எடுத்ததும் பையைப் பிரிக்காதீர்கள். அறைச்சூட்டுக்கு வரும்வரை கட்டு அப்படியே இருக்கட்டும், இல்லாவிட்டால் குளிர்ந்த மரத்தில் காற்றின் ஈரமெல்லாம் வியர்த்துக்கொட்டும். பிரித்ததும் துளைகளைத் தட்டிப் பொடியை உதறி, இடத்தைப் பென்சிலால் வட்டமிட்டு வையுங்கள். ஒரு மாதம் கழித்து அந்த வட்டத்துக்குக் கீழே புதுப் பொடி இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் மறுபடி ஃப்ரீஸர்.